சூரைதான் டூனா என்றால் நம் ஊரில் ஏன் இந்த விலை?

கேள்வி இதுதான்: "புதுச்சேரிக்கு வேலைக்கு வந்து ஓராண்டு ஆகிறது. சூப்பர் மார்க்கெட்டில் டின்னில் அடைத்த டூனா வாங்கிச் சாப்பிடும் பழக்கம் உண்டு. போன வாரம் கடலூர் துறைமுகத்தில் சூரை என்று ஒரு மீனைக் கூறு போட்டு விற்றார்கள். அதுதான் டூனா என்றார் உடன் வந்த நண்பர். வீட்டுக்கார அம்மாவோ, 'அது பூனைக்குப் போடுகிற மீன், தின்றால் உடம்பெல்லாம் அரிக்கும்' என்கிறார். ஜப்பானில் கோடிக்கணக்கில் ஏலம் போவதும் இதுவும் ஒன்றா? ஒன்றென்றால் இங்கே ஏன் இவ்வளவு மலிவு? வாங்கிச் சமைக்கலாமா?"

நான் கடலூருக்குத் தெற்கே ஒரு குப்பத்தில் பிறந்தவன். பரங்கிப்பேட்டையில் கடல் உயிரியல் படித்துவிட்டு, படித்ததற்கும் பிறந்ததற்கும் நடுவில் மீன் வியாபாரத்தில் விழுந்தவன். உங்கள் நண்பர் சொன்னது சரி. வீட்டுக்கார அம்மா சொன்னதிலும் பாதி சரி. ஜப்பான் மீன் மட்டும் வேறு. ஆனால் 'ஏன் மலிவு' என்று கேட்டீர்களே, அதற்குத்தான் கொஞ்சம் நீளமாகப் பேச வேண்டும். அந்தக் கேள்விக்கும் அரிப்புக்கும் பதில் ஒன்றே. அது மீனில் இல்லை, ஐஸ் பெட்டியில் இருக்கிறது.

முதலில் பெயரைத் தெளிவுபடுத்திக்கொள்வோம். நாளிதழ்களிலேயே சிலர் 'சூறை' என்று எழுதுகிறார்கள். சூறை என்றால் கொள்ளை, சூறைக்காற்று. மீன் சூரை. இன்னொரு குழப்பம், சுறா. பிள்ளை பெற்றவளுக்குப் புட்டு செய்து கொடுக்கச் சொல்வது சுறாவை. சூரைக்கும் அதற்கும் எந்த உறவும் இல்லை. சுறா குருத்தெலும்பு மீன், சூரை முள் உள்ள மீன். சூரைக்குப் பங்காளி யார் என்று கேட்டால் ஆச்சரியப்படுவீர்கள்: வஞ்சிரமும் காணாங்கெளுத்தியும். மூன்றும் ஒரே குடும்பம். ஒரே வீட்டுப் பிள்ளைகளில் ஒருவன் மாப்பிள்ளைத் தோரணையில் மார்க்கெட்டின் முன் பலகையில் படுத்திருக்க, இன்னொருவன் தரையில் தார்ப்பாயில் கிடக்கிறான்.

டூனா என்பது ஒரே மீனின் பெயர் அல்ல. ஐந்து பேரினங்களில் பதினைந்து வகைகள் இருக்கின்றன. நம் கரையில் வெறுமனே 'சூரை' என்றால் பெரும்பாலும் ஒரே வகை: முதுகின் பின்பாதியில் கருநீல வரிகள் நெளிநெளியாக ஓடும், வயிறு வெள்ளி. மார்புத் துடுப்புக்குக் கீழே, விரலில் மை தொட்டு வைத்தது போலச் சில கரும்புள்ளிகள் இருக்கும். அந்தப் புள்ளியைப் பார்த்துவிட்டால் வேறு அடையாளம் தேவையில்லை. பெரும்பாலும் ஓர் அரை மீட்டர் நீளம் இருக்கும். அரிதாக ஒரு மீட்டரைத் தொடும். இதைவிடச் சின்னதாக, உருண்டையாக, வயிற்றில் புள்ளியும் கோடும் இல்லாமல் வருவது எலிச்சூரை. வயிற்றில் நான்கு முதல் ஆறு கோடுகள் நீளவாக்கில் ஓடினால் அது வரிச்சூரை. உங்கள் டின்னில் இருந்தது பெரும்பாலும் இதுதான். உலகில் பிடிக்கப்படும் முக்கிய டூனா வகைகளில் பாதிக்கு மேல் வரிச்சூரையே. டின்னில் அடைத்த டூனா ஏற்றுமதியில் முதலிடம் தாய்லாந்துக்கு. இரண்டாம் முதுகுத் துடுப்பும் அடித் துடுப்பும் மஞ்சளாக, அரிவாள் போல வளைந்து நீண்டிருந்தால் அது மஞ்சள் துடுப்புச் சூரை. குமரிக் கடற்கரையில் இதைக் கேரை என்பார்கள். இரண்டு மீட்டர் வரை வளரும் மீன், ஆழ்கடலுக்குப் போனால்தான் கிடைக்கும். ஏற்றுமதிக்காரர்கள் இதைத்தான் தேடுகிறார்கள்.

கோடிக் கணக்கு மீன் நீலத் துடுப்புச் சூரை. 2019 ஜனவரி 5 அன்று டோக்கியோவின் டோயோசு சந்தையில் 278 கிலோ எடையுள்ள ஒரு மீன் 33.36 கோடி யென்னுக்கு ஏலம் போனது. அன்றைய மதிப்பில் ஏறத்தாழ 21 கோடி ரூபாய். வாங்கியவர் ஒரு சுஷி உணவகக் குழுமத்தின் முதலாளி. அது புத்தாண்டின் முதல் ஏலம்; விளம்பரமும் கௌரவமும் சேர்ந்த விலை. நம் ஊர்க் கோயில் திருவிழாவில் ஒற்றை எலுமிச்சம்பழம் ஆயிரக்கணக்கில் ஏலம் போவதைப் பார்த்து எலுமிச்சை விலையை முடிவுசெய்ய முடியுமா? அந்த வகை வங்காள விரிகுடாவில் பிடிபடும் மீனும் இல்லை. ஆகவே ஜப்பானை மறந்துவிடலாம். ஒப்பிடுவதாக இருந்தால் வரிச்சூரையையும் மஞ்சள் துடுப்பையும் வைத்து ஒப்பிடுங்கள். அப்போதும் நம் விலை கீழேதான் நிற்கிறது. அதற்குத்தான் காரணம் சொல்ல வேண்டும்.

பதினைந்து வயதில் சித்தப்பாவின் ஃபைபர் படகில் முதல் முறை போனேன். விடியும் நேரம். தூரத்தில் கடல் ஓரிடத்தில் மட்டும் கொதிப்பது போலிருந்தது, மேலே ஆலாக்கள் கூச்சலிட்டுக்கொண்டு விழுந்து விழுந்து எழுந்தன. நெத்திலிக் கூட்டத்தைக் கீழிருந்து சூரை துரத்துகிறது, மேலிருந்து பறவை கொத்துகிறது. சித்தப்பா தூண்டிலைப் பின்னால் இழுத்தபடி படகை அந்தக் கொதிப்பின் ஓரமாக ஓட்டினார். ஏறிய மீன் படகின் பலகையில் விழுந்து துடித்தது, சாதாரணத் துடிப்பு அல்ல, தையல் இயந்திரத்தின் ஊசி போல. அதன் பக்கத்தில் கீறி, "விரலை விட்டுப் பார்" என்றார். வெதுவெதுப்பாக இருந்தது. மீன் என்றால் குளிர்ந்த இரத்தம் என்று பள்ளிக்கூடத்தில் எழுதி மதிப்பெண் வாங்கியவன் நான். விரலை எடுக்காமல் அப்படியே நின்றது நினைவிருக்கிறது.

அந்தச் சூட்டுக்குக் காரணம் பின்னால் பரங்கிப்பேட்டையில்தான் புரிந்தது. மற்ற மீன்களின் உடலில் உழைப்பால் உண்டாகும் சூடெல்லாம் செவுள் வழியே கடலில் கரைந்துவிடும். சூரைக்கு அப்படி இல்லை. தசையிலிருந்து திரும்பும் சூடான இரத்தமும், செவுளிலிருந்து வரும் குளிர்ந்த இரத்தமும் மயிரிழைக் குழாய்களில் ஒன்றையொன்று உரசிக்கொண்டு எதிரெதிராக ஓடுகின்றன. வெளியே போகிற சூடு, போகிற வழியிலேயே உள்ளே வருகிற இரத்தத்துக்கு மாறிவிடுகிறது. அதனால்தான் சூரையின் தசை கடல்நீரைவிடச் சூடாக இருக்கிறது. வரிச்சூரையில் இந்த வேறுபாடு பத்து டிகிரி வரை போகும். சூடான தசை வேகமாக இயங்கும். சூரை நிற்பதே இல்லை, நிற்கவும் முடியாது. வாயைத் திறந்தபடி நீந்திக்கொண்டே இருந்தால்தான் செவுளில் நீர் பாயும், மூச்சு ஓடும். நம் சூரைக்கு உள்ளே காற்றுப்பையும் கிடையாது. நீந்துவதை நிறுத்தினால் மூழ்கும். பிறந்தது முதல் சாவது வரை ஒரே ஓட்டம். அந்த ஓட்டத்துக்கு ஆக்சிஜன் சேர்த்துவைக்கும் நிறமிதான் இறைச்சியைச் சிவப்பாக்குகிறது. நடுமுள்ளை ஒட்டி ஓடும் கருஞ்சிவப்புப் பட்டை இருக்கிறதே, மீன் நறுக்கும் பெண்கள் 'இரத்தக் கட்டு' என்று வெட்டி எறிவது, அதுதான் இந்த ஓயாத எந்திரத்தின் உலை.

இப்போது அந்த மீன் சாகிறது. உடல் சூடாக இருக்கிறது. வெளியே நம் கோடை. பிடிபடும்போது போராடியதில் சூடு இன்னும் ஏறியிருக்கிறது. ஓடுகிற தசையில் சேரும் அமிலத்தைச் சமாளிக்கச் சூரை தன் தசையில் ஹிஸ்டிடின் என்ற அமினோ அமிலத்தை ஏராளமாக வைத்திருக்கும். செவுளிலும் குடலிலும் இருக்கும் பாக்டீரியாக்களுக்கு வெதுவெதுப்பான இடமும் ஹிஸ்டிடினும் சேர்ந்து கிடைத்தால் விருந்துதான். அதை அவை ஹிஸ்டமினாக மாற்றிவிடுகின்றன. ஒவ்வாமை வந்தால் நம் உடலே சுரக்கும் அதே ஹிஸ்டமின். வீட்டுக்கார அம்மா சொன்ன அரிப்பு இதுதான். மீனை வேகமாக ஓட வைத்த அதே குணம், செத்த பிறகு வேகமாகக் கெட வைக்கிறது.

இதில் இரண்டு விஷயங்களைப் பலர் தவறாக நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். நன்றாகக் கொதிக்கவிட்டால் சரியாகிவிடும் என்பது ஒன்று. சரியாகாது. பாக்டீரியா சாகும், அது செய்துவைத்த ஹிஸ்டமின் அப்படியே இருக்கும். வறுத்தாலும், புளியில் ஊறவைத்தாலும், ஃப்ரீசரில் ஒரு மாதம் வைத்தாலும், டின்னில் அடைத்தாலும் போகாது. நாறினால்தான் கெட்ட மீன் என்பது இன்னொன்று. ஹிஸ்டமினுக்கு நாற்றமே கிடையாது. பார்க்க நன்றாக இருக்கும் மீனிலும் அளவு மீறியிருக்கலாம். சர்வதேச உணவுத் தர விதியான கோடெக்ஸ், கிலோவுக்கு 200 மில்லிகிராமுக்கு மேல் ஹிஸ்டமின் இருக்கக் கூடாது என்கிறது. அதை மூக்கால் அளக்க முடியாது.

எனக்கே நடந்திருக்கிறது. சில ஆண்டுகளுக்கு முன் ஓர் உணவகத்தில் மதியச் சாப்பாட்டுடன் சூரை வறுவல். முதல் கவளத்திலேயே நாக்கில் மிளகு கடித்தது போன்ற சுரீரென்ற காரம். மசாலா என்று நினைத்தேன். மீன் வியாபாரி நினைக்கக் கூடாத நினைப்பு. அரை மணி நேரத்தில் முகமும் கழுத்தும் சிவந்து, காது மடல் நெருப்பாகி, தலை விண்விண் என்று தெறித்தது. மருத்துவர் ஒவ்வாமை மாத்திரை கொடுத்தார், மாலைக்குள் அடங்கிவிட்டது. பெரும்பாலும் அப்படித்தான் அடங்கும். மூச்சு வாங்கினாலோ, மயக்கம் வந்தாலோ, முன்பே ஆஸ்துமாவோ இதய நோயோ இருந்தாலோ காத்திருக்காமல் மருத்துவமனைக்குப் போக வேண்டும். வாயில் அந்த மிளகுச் சுரீர் தட்டினால் அடுத்த கவளம் வேண்டாம், துப்பிவிடுங்கள். இது 'எனக்குச் சூரை ஒத்துக்கொள்ளாது' என்பதற்கு அடையாளம் அல்ல. அன்றைய மீனுக்கு ஐஸ் ஒத்துழைக்கவில்லை என்பதற்கு அடையாளம். அடுத்த வாரம் நல்ல சூரை சாப்பிட்டேன், ஒன்றும் ஆகவில்லை. இதே ஆபத்து அதன் பங்காளியான காணாங்கெளுத்தியிலும் உண்டு.

இனி விலைக்கு வருகிறேன்.

தேவனாம்பட்டினத்திலோ வீராம்பட்டினத்திலோ நள்ளிரவுக்குப் பின் கிளம்பும் ஒரு ஃபைபர் படகை எடுத்துக்கொள்ளுங்கள். நம் கடலில் கண்டத்திட்டு, அதாவது கரையை ஒட்டிய ஆழம் குறைந்த கடலடி, குறுகல். கடலூர், புதுச்சேரிக்கு நேரே கடலடியில் பள்ளத்தாக்குகளே இருக்கின்றன. அதனால் ஆழம் அதிக தூரத்தில் இல்லை, சூரைக் கூட்டம் எட்டும் தூரத்தில்தான் ஓடுகிறது. படகு வழிவலையை, நீரில் திரைபோலத் தொங்கும் வலையை, விட்டுவிட்டுக் காத்திருக்கும். சூரை வந்து செவுளில் மாட்டும். நகர முடியாத சூரை மூச்சு விட முடியாத சூரை. சில நிமிடங்களில் செத்துவிடும். வலையை இழுக்கும் வரை நம் இளஞ்சூட்டுக் கடலிலேயே பிணமாகத் தொங்கும். பிறகு படகின் அடியில் குவியும். காலை எட்டு மணிக்குக் கரை. ஏலம், கூறு, கூடை, மினி லாரி. மீன் முதன்முதலாக ஐஸைப் பார்ப்பது பெரும்பாலும் வியாபாரியின் பெட்டியில்தான். அதற்குள் பல மணி நேரம் ஓடிவிட்டது.

ஏன் படகிலேயே ஐஸ் கொண்டுபோகவில்லை என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் கேட்டிருக்கிறேன். "தம்பி, வஞ்சிரத்துக்கு ஐஸ் போட்டால் ஏலத்தில் அந்தக் காசு திரும்பி வரும். சூரைக்குப் போட்டால் எது திரும்பி வரும்? ஐஸ் போட்டதும் ஒரே கூறு, போடாததும் ஒரே கூறு" என்றார் ஒரு படகுக்காரர். அவர் கணக்கில் தவறு இல்லை. ஃபைபர் படகில் இடமும் எடையும் டீசலும் எல்லாம் காசு. மலிவு மீன் என்பதால் ஐஸ் போடுவதில்லை. ஐஸ் போடாததால் அது மலிவு மீனாகவே இருக்கிறது. வாங்குகிறவர்களுக்கு ஒரு முறை அரித்துவிட்டால் பத்து வீட்டுக்குச் செய்தி போகும், விலை இன்னும் இறங்கும். 'பூனைக்குப் போடுகிற மீன்' என்ற பெயர் இப்படித்தான் வந்தது. பூனை ஒருபோதும் குறை சொன்னதில்லை என்பது வேறு விஷயம்.

சுருக்குமடி வலையில் வேறு சிக்கல். மத்தி, சூரை, காணாங்கெளுத்தி போலக் கூட்டமாகத் திரியும் மீனைச் சுற்றி வளைத்து, அடிக்கயிற்றைச் சுருக்கி மொத்தமாக அள்ளும் வலை அது. ஒரே வளைப்பில் டன் கணக்கில் ஏறினால் கீழே கிடப்பது நசுங்கும், ஐஸும் போதாது, ஏலத்தில் விலையும் சரியும். தமிழ்நாடு 2000ஆம் ஆண்டிலேயே இந்த வலைக்குத் தடை விதித்தது. ஆனால் அந்த வலைக்கு முதலீடு போட்டவர்களும் வலை இல்லாதவர்களும் மோதிக்கொள்ளாத ஆண்டு நம் மாவட்டத்தில் குறைவு. 2023 ஜனவரி 24 அன்று உச்ச நீதிமன்றம் ஓர் இடைக்கால உத்தரவு போட்டது: கரையிலிருந்து 12 கடல் மைலுக்கு அப்பால், திங்களும் வியாழனும் மட்டும், காலை எட்டு முதல் மாலை ஆறு வரை, கண்காணிப்புக் கருவி பொருத்திய பதிவு பெற்ற படகுகள் பயன்படுத்தலாம் என்று. இந்த வழக்கில் எனக்கு இரு பக்கமும் உறவினர்கள் இருக்கிறார்கள், ஆகவே ஒன்று மட்டும் சொல்லி நகர்கிறேன்: எத்தனை டன் பிடித்தோம் என்பதை வைத்து மட்டும் வருமானம் பார்க்கும் வரை, சூரை கூறு போடும் மீனாகவே கிடக்கும்.

வேறு மாதிரியும் செய்யலாம் என்பதற்குத் தொலைவில் போய்ப் பார்க்க வேண்டியதில்லை. குமரி மாவட்டத்துத் தூத்தூர்க்காரர்கள் வாரக்கணக்கில் ஆழ்கடலில் தங்கித் தூண்டிலில் பிடிக்கிறார்கள். மைல்கணக்கில் நீளும் கயிற்றில் நூற்றுக்கணக்கான தூண்டில் முட்கள். மாட்டிய மீன் ஒவ்வொன்றாக ஏறும். முறையாகச் செய்கிறவர்கள் ஏறியதும் இரத்தத்தை வடித்து, செவுளையும் குடலையும் எடுத்துவிட்டு, வயிற்றுக்குள் ஐஸ் பொடியைத் திணித்துவிடுவார்கள். இரத்தத்தோடு சூடும், செவுளோடும் குடலோடும் பாக்டீரியாவும் வெளியே போகின்றன. நான் மேலே சொன்ன உயிரியல் பாடம் முழுவதையும் ஒரு கத்தியும் ஒரு கூடை ஐஸும் தலைகீழாக்கிவிடுகின்றன.

லட்சத்தீவில் இன்னும் அழகு. அங்கே சூரை பிடிக்க வலை இல்லை, கழியும் கயிறும்தான். உயிருள்ள சிறு மீனைக் கடலில் தூவி, நீரைப் பீய்ச்சி வரிச்சூரைக் கூட்டத்தை வெறிகொள்ள வைத்து, பின்முள் இல்லாத தூண்டிலால் ஒவ்வொன்றாக வீசித் தூக்குவார்கள். மீன் தலைக்கு மேல் பறந்து வந்து தானாகவே கழன்று படகில் விழும். ஆமையும் மாட்டாது, டால்பினும் மாட்டாது. நம் வழிவலையைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது. ஐஸ் கிடைக்காத காலத்தில் அவர்கள் கண்ட வழிதான் மாசி: மீனை நீளத் துண்டுகளாக்கி, வேகவைத்து, புகையில் வாட்டி, வெயிலில் மரக்கட்டை போல் காயவைப்பது. மினிக்காய்த் தீவு அதற்குப் பேர்போனது. காயல்பட்டினம், கீழக்கரைப் பக்கம் மாசிச் சம்பல் சாப்பிட்டிருந்தால் தெரியும். இலங்கையில் மாசி இல்லாமல் சமையலே இல்லை. நம் பக்கத்தில் உப்புப் போட்ட சூரைக் கருவாடு உண்டு, திங்கட்கிழமை காராமணிக்குப்பம் சந்தைக்குப் போனால் வாங்கலாம். ஒன்று நினைவிருக்கட்டும்: விற்காமல் மீந்து, கெடத் தொடங்கிய மீனில் போட்ட கருவாட்டிலும் ஹிஸ்டமின் அப்படியே இருக்கும். உப்பு அதைத் தின்றுவிடாது.

அரசு சும்மா இருக்கிறது என்றும் சொல்ல முடியாது. பாக் நீரிணையில் இழுவைப் படகுகளைக் குறைக்க, சூரை பிடிக்கும் ஆழ்கடல் படகுகளுக்கு மாறும் திட்டம் 2017இல் வந்தது. ஒரு படகுக்கு 80 லட்சம் ரூபாய் என்று மதிப்பிட்டு, அதில் எழுபது விழுக்காட்டை மத்திய, மாநில அரசுகள் மானியமாகத் தருவதாக ஏற்பாடு. வட சென்னையில் திருவொற்றியூரில் சூரை மீன்பிடித் துறைமுகம் என்று மீனின் பெயரையே வைத்து ஒரு துறைமுகம் கட்டியிருக்கிறார்கள். படகு வந்துவிடும், துறைமுகமும் வந்துவிடும். என் பார்வையில், ஏலக்காரர் ஐஸ் போட்ட மீனுக்குத் தனிக் கூறு, தனி விலை என்று குரல் கொடுக்கத் தொடங்கும் நாளில்தான் கதை மாறும். அதற்கு மானியம் தேவையில்லை.

இடையில் ஒரு வேடிக்கை. ஐ.நா. அறிவித்த உலக டூனா தினம் மே 2. நம் கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். உலகமே சூரையைக் கொண்டாடும் நாளில் கடலூர் துறைமுகத்தில் விசைப்படகுகளெல்லாம் கட்டிக் கிடக்கும், வலை பின்னிக்கொண்டிருப்பார்கள். அந்த நாளில் கிடைப்பது சிறு படகுகள் கொண்டுவருவது மட்டும்தான்.

வாங்கலாமா என்று கேட்டீர்கள். தாராளமாக வாங்குங்கள். நூறு கிராமில் இருபத்து மூன்று கிராம் அளவுக்குப் புரதம், கொழுப்பு மிகக் குறைவு, பி12 வைட்டமினும் செலினியமும் நிறைய. ஜிம்முக்குப் போகிறவர்கள் டின்னுக்குக் கொடுக்கும் காசில் இங்கே ஒரு குடும்பம் சாப்பிடும். பாதரசம் பற்றி யாராவது பயமுறுத்தினால், அது பெரிய, பல ஆண்டு வாழ்ந்த, மற்ற மீன்களைத் தின்று கொழுத்த மீன்களில்தான் அதிகம் சேரும் என்று சொல்லுங்கள். நம் சூரையும் வரிச்சூரையும் சிறியவை, சில ஆண்டுகளே வாழ்பவை. கர்ப்பிணிகள் மிகப் பெரிய சூரை வகைகளைத் தவிர்ப்பது நல்லது.

எங்கே, எப்படி வாங்குவது என்பதுதான் முக்கியம். புதுச்சேரியில் இருக்கிறீர்கள் என்றால் பெரிய மார்க்கெட்டில் பத்து மணிக்கு மேல் சூரை வாங்காதீர்கள். தேங்காய்த்திட்டு துறைமுகத்துக்கோ வீராம்பட்டினம் கரைக்கோ படகு வரும் நேரத்துக்குப் போங்கள். போகும்போது ஒரு தெர்மோகோல் பெட்டியும் ஐந்து கிலோ ஐஸும் உங்கள் கையில் இருக்கட்டும். படகுக்காரர் போடாத ஐஸை நீங்கள் போடுங்கள். தூண்டிலில் வந்ததா வலையில் வந்ததா என்று கேளுங்கள், கேட்டால் சொல்வார்கள். கண் பளிங்காக இருக்க வேண்டும். செவுளைத் தூக்கிப் பாருங்கள்: செம்பருத்திச் சிவப்பு நல்லது, காப்பிப் பொடி நிறம் ஆகாது. வயிற்றை அழுத்தினால் குழி விழக் கூடாது.

நான் வாடிக்கையாகப் போகும் மீன்கார அக்கா ஒரு சோதனை வைத்திருக்கிறார். வால் பக்கத்தில் ஒரு துண்டு நறுக்கி அரிவாள்மனை ஓரத்தில் நிறுத்துவார். வெட்டுமுகம் ஈரமாக, கண்ணாடி போல் மினுங்கி, நடுவில் இரத்தக் கட்டு செக்கச்செவேலென்று இருந்தால், "எடுத்துக்கொள் தம்பி" என்பார். அந்தப் பட்டை பழுப்பாகி, சுற்றியுள்ள தசையில் எண்ணெய் படலம் போல வானவில் நிறம் தெரிந்தால், ஒன்றும் சொல்லாமல் சங்கராவைப் பக்கத்தில் நகர்த்துவார். ஹிஸ்டமினை இப்படிக் கண்டுபிடிக்க முடியாதுதான். ஆனால் வெயிலில் கிடந்த மீனை அவர் கண் தப்பவிட்டு நான் பார்த்ததில்லை.

டின் டூனா தாழ்ந்தது என்று சொல்லவில்லை. ஆனால் புதுச்சேரியில் கடற்கரைச் சாலைக்குப் பின்னால் இருக்கும் கஃபேக்களில் பிரெஞ்சுக்காரர்கள் 'தோன்' என்று சொல்லும் இதே இனத்தை டின்னிலிருந்து எடுத்து சாலட்டில் போட்டுத் தருவதைப் பார்க்கும்போது எனக்குச் சிரிப்பு வரும். அங்கிருந்து கூப்பிடு தூரத்தில் குருசுக்குப்பத்து மணலில் அன்றைய சூரை கிடக்கிறது.

சமையலுக்கு வருவோம். முதல் முறை சமைப்பவர் குழம்பு வைக்க வேண்டாம். சூரை குழம்பில் நேரமானால் கட்டையாகிவிடும், 'சக்கை' என்று சொல்லித் தள்ளிவிடுவீர்கள். புட்டு செய்யுங்கள். இரத்தக் கட்டை வெட்டி எடுத்துவிட்டு (இரும்புச்சத்து அதில்தான் அதிகம், பழகியபின் சேர்த்துக்கொள்ளலாம்), துண்டுகளை உப்பும் மஞ்சளும் போட்டு ஒரு முறை, அரிசி கழுவிய நீரில் ஒரு முறை அலசுங்கள். மஞ்சள், உப்பு, கொஞ்சம் புளித்தண்ணீர் விட்டு எட்டுப் பத்து நிமிடம் வேகவைத்து, ஆறியதும் முள்ளும் தோலும் நீக்கி விரலால் உதிர்த்துக்கொள்ளுங்கள். சூரைக்குச் சில்லறை முள் தொல்லை குறைவு. இழை இழையாக வரும். நல்லெண்ணெயில் சோம்பு, கறிவேப்பிலை, பூண்டும் இஞ்சியும் தட்டிப் போட்டு, சின்ன வெங்காயத்தைக் கைநிறைய அரிந்து வதக்கி, பச்சை மிளகாய் கீறிப் போட்டு, உதிர்த்த மீனைக் கொட்டி, ஈரம் வற்றும் வரை சிறு தீயில் கிளறுங்கள். கடைசியில் மிளகுத்தூள்.

குழம்பும் வேண்டும் என்றால் மாங்காய்க் காலத்தில் வையுங்கள். புளியும் மாங்காயும் சேர்ந்து நன்றாகக் கொதித்து எண்ணெய் பிரிந்த பிறகு மீனைப் போட்டு, ஏழு நிமிடத்தில் இறக்கிவிட வேண்டும். தாளிக்கக் கடுகை எடுக்காதீர்கள். நம் தென்னாற்காட்டு வழக்கப்படி தாளிப்பு வடகத்தை நல்லெண்ணெயில் பொரியவிட்டுக் கொட்டி மூடிவையுங்கள். கோடையில் உங்கள் வீட்டுக்கார அம்மா மாடியில் உருட்டிக் காயவைத்திருப்பார். ஒரு உருண்டை கேளுங்கள், எந்த மீனுக்கு என்று மட்டும் முதலிலேயே சொல்லிவிடாதீர்கள்.